கேள்விகளும் தரவுதான்

நிகழ்ச்சிகளுக்குப் பெயர் பதிவு செய்ய ஒரு நிரல் எழுதுகிறோம் என்று வைத்துக்கொள்வோம். மாரத்தான் ஓட்டத்துக்குப் பெயர் கொடுப்பவரிடம் டி-ஷர்ட் அளவு, ரத்த வகை, அவசரத்துக்கு அழைக்க ஒரு போன் நம்பர் எல்லாம் கேட்க வேண்டும். பயிற்சிப் பட்டறைக்கு வருபவரிடம் லேப்டாப் கொண்டுவருவாரா, சாப்பாடு சைவமா அசைவமா என்று கேட்டால் போதும். நிகழ்ச்சிக்கு நிகழ்ச்சி கேள்விகள் மாறும். ஒவ்வொரு முறையும் நிரலைத் திருத்திக்கொண்டிருந்தால் நாலைந்து நிகழ்ச்சிகளிலேயே அது சிக்கலாகிவிடும்.

இதற்கு வழி, கேள்விகளையே தரவாகச் சேமிப்பது. ‘டி-ஷர்ட் அளவு, பட்டியலிலிருந்து ஒன்று, கட்டாயம்’ என்று ஜேசன் (JSON, தரவைப் பெயரும் மதிப்புமாக எழுதும் உரை வடிவம்) வடிவில் எழுதி வைத்தால், நிரல் அதைப் படித்துப் படிவத்தைக் காட்டும். வரும் பதிலையும் அதை வைத்தே சரிபார்க்கும். பதில்களையும் ஜேசனாகவே வைக்கலாம். போஸ்ட்கிரெஸ் தரவுத்தளத்தில் 2014-இல் வந்த 9.4 பதிப்பிலிருந்தே ஜேசனைச் சேமிப்பதற்கென்றே ‘ஜேசன்பி’ (jsonb) என்ற தரவு வகை இருக்கிறது. உள்ளே வேகமாகத் தேடவும் முடியும். அதற்காக எல்லாவற்றையும் அதில் கொட்டக் கூடாது. பெயர், கட்டணம் கட்டிய விவரம் போல எல்லா நிகழ்ச்சிக்கும் பொதுவானவை அட்டவணையின் தனிப் பத்திகளில் (columns) இருப்பதே நல்லது. போன் நம்பரை எழுத்தாகச் சேமியுங்கள். எண்ணாகச் சேமித்தால் முன்னால் உள்ள பூஜ்யம் போய்விடும். வயதைக் கேட்காமல் பிறந்த தேதியைக் கேளுங்கள். ஓட்டம் நடக்கும் நாளில் என்ன வயது என்பதுதானே முக்கியம்?

சரி, அந்த ஜேசனை யார் எழுதுவது? அமைப்பாளர் அனுப்பும் அறிவிப்பைக் கொடுத்து ஏஐயிடம் கேட்கலாம். இப்படி எழுதும் ஏஐக்குள் இருக்கும் மொழி மாதிரி (language model), முன்னால் இருக்கும் வாசகத்தைப் பார்த்து அடுத்து எது வரக்கூடும் என்று கணித்துக் கணித்தே எழுதுகிறது. அதனால் ப்ராம்ப்டில், அதாவது நாம் அதற்குக் கொடுக்கும் வாசகத்தில், என்ன வைக்கிறோமோ அதைப் பொறுத்தே விடை அமையும். மாதிரிக்கு மறுபயிற்சி தராமல், ப்ராம்ப்டில் சில உதாரணங்கள் கொடுத்தாலே பல வேலைகளில் விடை மேம்படுகிறது என்று ஜிபிடி-3 என்ற மொழி மாதிரியைப் பற்றி 2020-இல் வந்த ஆய்வுக் கட்டுரை காட்டியது.

‘நல்ல பதிவுப் படிவம் தயார் செய்’ என்றுதான் நானும் ஆரம்பித்தேன். அறிவிப்பில் இல்லாத நுழைவுக் கட்டணத்தை அது தானாகவே சேர்த்துவிட்டது. அப்புறம், எந்தெந்த வகைக் கேள்விகள் இருக்கலாம் என்ற பட்டியல், அறிவிப்பும் அதற்கான ஜேசனுமாக இரண்டு உதாரணங்கள், ‘அறிவிப்பில் சொல்லாததைக் காலியாக விடு’ என்ற ஒரு வரி, இவற்றைச் சேர்த்தேன். அந்த ஒரு வரிதான் அதிகம் உதவியது. இப்போது ப்ராம்ப்டை மாற்றும்போதெல்லாம் பழைய அறிவிப்புகள் எல்லாவற்றையும் மறுபடி ஓட்டிப் பார்க்கிறேன். ஒன்றைச் சரிசெய்யப்போய் இன்னொன்று கெட்டுவிடுவது சகஜம்.

இட எண்ணிக்கையை மட்டும் ஏஐயிடம் விடவே கூடாது. கடைசி இடத்துக்கு இருவர் ஒரே நொடியில் பட்டனை அழுத்துவார்கள். ‘மீதி இருக்கிறதா’ என்று முதலில் பார்த்து, பிறகு கழித்தால் இருவருக்கும் இடம் கிடைத்துவிடும். ‘மீதி பூஜ்யத்துக்கு மேல் இருந்தால் ஒன்றைக் கழி’ என்று தரவுத்தளத்துக்கு ஒரே கட்டளையாகக் கொடுத்தால், ஒருவருக்கு உறுதிச்சீட்டு போகும், மற்றவர் காத்திருப்போர் பட்டியலுக்குப் போவார்.