நல்ல காலத்தில் விளையும் கடன்

அமெரிக்கப் பொருளாதார அறிஞர் ஹைமன் மின்ஸ்கி (1919–1996) நிதி நெருக்கடிகளின் வேரை மந்தமான ஆண்டுகளில் தேடவில்லை. வளர்ச்சி தடையின்றி நீடித்த ஆண்டுகளில் தேடினார்.

கடனாளிகளை அவர் மூன்று வகையாகப் பிரித்தார். முதல் வகையினர் தொழிலில் வரும் பணத்தைக் கொண்டே அசலையும் வட்டியையும் அடைப்பவர்கள். இரண்டாம் வகையினருக்கு வரும் பணம் வட்டிக்குத்தான் போதும். வட்டியைக் கட்டிவிட்டு அதே நகையை மறுபடி அடகு வைப்பதைப் போல, தவணை முடிந்ததும் அசலைப் புதுக் கடனாக மாற்றிக்கொள்வார்கள். மூன்றாம் வகையினர் வட்டி கட்டுவதற்கே கடன் வாங்க வேண்டியவர்கள். வாங்கிப்போட்ட நிலமோ பங்கோ விலையேறினால் மட்டுமே தப்புவார்கள். புதிதாகச் சேர்ந்தவர்களின் பணத்தைப் பழையவர்களுக்கு லாபமென்று கொடுத்து 1920இல் பாஸ்டனில் பிடிபட்ட சார்லஸ் போன்சியின் பெயரை மின்ஸ்கி இவ்வகைக்குச் சூட்டினார். ஆயினும் இவ்வகையினர் எல்லாரும் மோசடிக்காரர்கள் அல்லர்.

இந்தப் பட்டியலைவிட முக்கியமானது, மக்கள் ஒரு வகையிலிருந்து அடுத்ததற்கு நகரும் விதம். பத்தாண்டுகளாகக் கடன்கள் ஒழுங்காகத் திரும்பிவரும் நாட்டில், அதே ஈட்டின்மேல் கூடுதலாகக் கடன் கொடுப்பதற்கு வங்கிக்குத் தயக்கம் இருப்பதில்லை. தயங்கும் வங்கியோ வாடிக்கையாளரைப் போட்டியாளரிடம் இழக்கிறது. பேராசையைக் குறை சொல்வது எளிது என்றாலும், இங்கே ஒவ்வொருவரும் தம் அனுபவத்தை நம்பித்தான் நடக்கிறார்கள்.

தாய்லாந்தில் நடந்ததைப் பார்க்கலாம். 1980களின் நடுவிலிருந்து பத்தாண்டுகளுக்கு அந்நாடு ஆண்டுக்கு ஏறத்தாழ 9 சதவீதம் வளர்ந்தது. தாய்லாந்து நாணயமான பாட்டுக்கு அரசு காத்துவந்த, டாலருக்குச் சுமார் 25 பாட் என்ற மதிப்பும் அசையாமல் இருந்ததால், உள்நாட்டைவிடக் குறைந்த வட்டிக்குக் கிடைத்த டாலரைக் குறுகிய தவணையில் வாங்கி, பல ஆண்டுகள் கழித்தே பணம் திரும்பும் கட்டடங்களில் போட்டார்கள். 1997 ஜூலை 2 அன்று அரசு அந்த மதிப்பைக் கைவிட்டது. அடுத்த ஜனவரியில் ஒரு டாலர் 50 பாட்டைத் தாண்டியது. பத்து லட்சம் டாலர் வாங்கியிருந்த நிறுவனம் ஒன்றுக்கு இரண்டரைக் கோடி பாட்டாக இருந்த கடன், அது மேற்கொண்டு ஒரு காசும் வாங்காமலேயே ஐந்து கோடிக்கு மேலாயிற்று. வாடகை வரவோ பாட் நாணயத்தில்தான்.

கடனை அடைக்கப் பலரும் ஒரே நேரத்தில் சொத்தை விற்க வந்தால் விலை சரிகிறது. அந்தச் சரிவு, அதுவரை கவனமாக இருந்தவரின் ஈட்டு மதிப்பையும் குறைத்து அவரையும் கீழே இழுக்கிறது. கடன் கொடுத்த வெளிநாட்டு வங்கிகள், பாங்காக்கில் அடிபட்டதும் இந்தோனேசியாவுக்கும் தென் கொரியாவுக்கும் கொடுத்திருந்த குறுகிய காலக் கடன்களைப் புதுப்பிக்க மறுத்ததால், ஒரு நகரின் கட்டடக் கடன் கண்டத்தின் நெருக்கடியாயிற்று.

மின்ஸ்கி இதைக் காணவில்லை. 1996 அக்டோபரிலேயே இறந்துவிட்டார். தாய்லாந்தில் செயல்பாடு நிறுத்திவைக்கப்பட்ட 58 நிதி நிறுவனங்களில் 56, 1997 டிசம்பரில் நிரந்தரமாக மூடப்பட்டன.