மரவேலைக் கருவிகள்: கடைக்குப் போய் நாம் என்ன கேட்கிறோம்?

மரவேலை மெஷின்களைப் பழுதுபார்ப்பதும் பிளேடுகளுக்குச் சாணை பிடிப்பதும் என் தொழில். பதினெட்டு வருடம் ஆகிறது. சந்தையில் எதற்குக் கிராக்கி கூடியிருக்கிறது என்பதை விற்கிறவர்கள் மாதக் கணக்கைப் பார்த்துத் தெரிந்துகொள்வார்கள். எனக்கு அது ஓரிரு வருடம் கழித்து, மெஷின் பழுதாகி மேசைக்கு வரும்போது தெரியும். விற்பனைக் கணக்கில் வராத சில விஷயங்களும் அப்போது தெரியும். வாங்கியவர் அதை எப்படி நடத்தினார், எதைக் கழற்றிப் போட்டார், கூடவே வாங்கியிருக்க வேண்டிய எதை வாங்காமல் விட்டார் என்பதெல்லாம்.

நான் தொழிலுக்கு வந்த புதிதில் கார்பன் பிரஷ் (மோட்டாரின் சுழலும் பாகத்தை உரசி மின்சாரம் கொடுக்கும் கரித்துண்டு) மாற்றுவது, ஆர்மேச்சர் (அந்தச் சுழலும் பாகம்) கட்டுவது, ஸ்விட்ச் மாற்றுவது, இவ்வளவுதான் அன்றாட வேலை. இப்போது வருவதில் பெரும்பாலானவை பேட்டரி மெஷின்கள். பேட்டரி டிரில் ஒன்றும் புதிதல்ல. பிளாக் அண்ட் டெக்கர் 1961-லேயே ஒன்றை வெளியிட்டது. ஆனால் நிக்கல் காட்மியம் பேட்டரி இருந்த வரை அது திருகு முடுக்கத்தான் லாயக்கு. 2005 வாக்கில் லித்தியம் அயன் பேட்டரி இந்தக் கருவிகளுக்குள் வந்தது, அப்புறம் அந்தக் கார்பன் பிரஷ்ஷே இல்லாத பிரஷ்லெஸ் மோட்டார் வந்தது. இரண்டும் சேர்ந்த பிறகுதான் ரம்பம், ரூட்டர் (மரத்தில் பள்ளமும் ஓர வடிவமும் குடையும் மெஷின்), இழைப்பு மெஷின் எல்லாம் வயரை விட்டு வெளியே வந்தன. 2020-ல் வீட்டோடு அடைந்து கிடந்த காலத்தில் பொழுதுபோக்காக மரவேலைக்கு வந்தவர்களும் இந்தக் கிராக்கியை இன்னும் ஏற்றிவிட்டார்கள்.

இன்னொரு மாற்றம் மரத்திலேயே நடந்தது. கட்டை மரத்தின் இடத்தைப் பிளைவுட்டும் எம்.டி.எஃப்பும் (மர நாரைப் பசையோடு அழுத்திய பலகை) துகள் பலகையும் பிடித்துக்கொண்டன. இவற்றில் இருக்கும் பசை சாதாரண எஃகுப் பல்லைச் சீக்கிரம் மழுக்கிவிடும். அதனால் எஃகைவிடக் கடினமான கார்பைடு பல் வைத்த பிளேடுக்கும் ரூட்டர் பிட்டுக்கும் தேவை கூடியது. பெரிய பட்டறைகள் கம்ப்யூட்டர் ஓட்டும் சி.என்.சி. மெஷின்களுக்குப் போய்விட்டன. அது தனிக் கதை.

எனக்குக் கவலை தருவது வேறு. வாங்க வருகிறவர் கேட்பது மூன்றே கேள்விகள்: எத்தனை வோல்ட், எவ்வளவு வேகம், என்ன விலை. தயாரிப்பாளரும் அந்த மூன்றையே அட்டைப்பெட்டியில் பெரிய எழுத்தில் போடுகிறார். தூசிக் குழாய் மாட்ட இடம் இருக்கிறதா, பிளேடு மூடி உறுதியாக இருக்கிறதா என்று யாரும் கேட்பதில்லை. கேட்காத பொருளைக் கடைக்காரர் வாங்கி வைக்கமாட்டார்.

முதலில் வோல்ட். லித்தியம் அயன் செல் ஒன்றின் சராசரி அழுத்தம் 3.6 வோல்ட். ஐந்தை வரிசையாக இணைத்தால் 18. முழுதாகச் சார்ஜ் ஆனவுடன் ஒவ்வொரு செல்லும் 4 வோல்ட்டுக்குக் கொஞ்சம் மேலேயே காட்டும். அந்தக் கணக்கில் 20 என்று போட்டு விற்கிறார்கள். 18 வோல்ட்டும் ‘20 வோல்ட் மேக்ஸ்’ என்பதும் ஒரே ஐந்து செல்தான். 10.8-ம் ‘12 மேக்ஸ்’-ம் அப்படித்தான், இரண்டிலும் மூன்று செல். இதில் ஏமாற்று எதுவும் இல்லை, கணக்குப் போடும் முறைதான் வேறு. ஆனால் 48, 88, 128 என்று ஸ்டிக்கர் ஒட்டிய மலிவு மெஷின்கள் என் மேசைக்கு வருகின்றன. பிரித்துப் பார்த்தால் உள்ளே அதே ஐந்து செல். இதைப் பார்க்கும்போதெல்லாம் வாங்கியவருக்காக வருத்தமாக இருக்கும்.

பேட்டரி எவ்வளவு மின்சாரம் பிடிக்கும் என்று சொல்லும் ஆம்பியர்-மணி எண்ணிலும் இதே கூத்து நடக்கிறது. 18650 என்பது 18 மி.மீ. விட்டமும் 65 மி.மீ. நீளமும் உள்ள செல். அதில் நல்ல தரமானதே சுமார் 3.5 ஆம்பியர்-மணிதான் தாங்கும். வரிசையாக இணைத்தால் வோல்ட்தான் கூடும், இந்த எண் கூடாது. அந்த வகை செல் ஐந்து மட்டும் உள்ள சின்ன பேட்டரியில் 8 என்றோ 10 என்றோ எழுதியிருந்தால் அது பொய். கையில் எடுத்துப் பாருங்கள். ஒரு செல்லே 45 கிராமுக்குக் குறையாது. பத்து செல் இருப்பதாகச் சொல்லும் பேட்டரி அரைக் கிலோவாவது கனக்க வேண்டும். எடை குறைந்தவற்றைத் திறந்தால், செல்களைத் தனித்தனியாகக் கண்காணிக்கும் காப்பு சர்க்யூட் பெரும்பாலும் இருப்பதில்லை. சார்ஜரில் போட்டுவிட்டுத் தூங்கப் போகிற பொருளா அது?

பேட்டரி மெஷின் வாங்கும்போது நாம் ஒரு மெஷினை மட்டும் வாங்கவில்லை, ஒரு பேட்டரிக் குடும்பத்துக்குள் போகிறோம். ஒரு கம்பெனியின் பேட்டரி மற்றொன்றில் பொருந்தாது. 2018-ல் மெட்டாபோ என்ற கருவிக் கம்பெனி தொடங்கிய கூட்டணி மாதிரி, பல கம்பெனிகள் ஒரே பேட்டரியைப் பகிர்ந்துகொள்ளும் ஏற்பாடுகள் வந்துகொண்டிருப்பது நல்ல திருப்பம். அதனால் முதல் டிரில்லை வாங்கும் முன்பே, அதே பேட்டரியில் ஓடும் தூசி உறிஞ்சி அந்தக் குடும்பத்தில் இருக்கிறதா என்று பாருங்கள். ஏன் குறிப்பாகத் தூசி உறிஞ்சியைச் சொல்கிறேன்?

எம்.டி.எஃப் அறுத்த மெஷினைத் திறந்தால் உள்ளே மாவு சலித்துக் கொட்டிய மாதிரி இருக்கும். பேரிங்கில், காயிலில், ஸ்விட்ச்சுக்குள் எல்லாம் அதே தூள். ஒரு தச்சர் ஒரே ரூட்டரை எட்டு மாதத்தில் மூன்று தடவை கொண்டுவந்தார். மூன்றாவது தடவை பேரிங் மாற்றிக் கொடுக்கும்போது, "மெஷினுக்குள் இவ்வளவு போயிருக்கிறதே, உங்கள் மூக்குக்குள் எவ்வளவு போயிருக்கும்?" என்று கேட்டேன். அவர் பதில் சொல்லவில்லை, கொஞ்ச நேரம் இருமினார். அந்த இருமலை எத்தனையோ பேரிடம் கேட்டிருக்கிறேன்.

மரத்தூளைப் புற்றுநோய் உண்டாக்கும் பொருள்களின் முதல் வகுப்பில் 1995-லேயே சேர்த்துவிட்டது உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு அமைப்பு. மூக்கின் உள்ளறையிலும் அதை ஒட்டிய எலும்புப் பொந்துகளிலும் புற்று வருவதற்கு அது காரணமாகிறது. பலகைகளின் பசையில் இருக்கும் ஃபார்மால்டிஹைடும் பின்னால் அதே வகுப்புக்குப் போனது. தரையில் குவியும் சுருளும் தூளும் கண்ணுக்குத் தெரியும், கூட்டி அள்ளிவிடலாம். கண்ணுக்கே தெரியாமல் மணிக்கணக்கில் காற்றில் மிதக்கும் பொடிதான் நுரையீரலின் அடி வரை போகிறது. வீட்டுக்கு வாங்கிய சாதாரண வேக்கம் அதை முன்பக்கம் இழுத்துப் பின்பக்கம் ஊதிவிடும். ஐரோப்பியத் தரத்தில் தூசி உறிஞ்சிகளை, பொடியைப் பிடித்துவைக்கும் திறனைப் பார்த்து, எல், எம், ஹெச் என்று ஏறுவரிசையில் வகுத்திருக்கிறார்கள். மரத்தூளுக்குக் குறைந்தது எம் வகுப்பு வேண்டும். அது இல்லாத இடத்தில் என்95 தர முகமூடியாவது முகத்தோடு ஒட்டிப் பொருந்தியிருக்க வேண்டும். துண்டைச் சுற்றிக்கொள்வது போதாது.

இனி கழற்றி வீசப்படும் பாகங்கள். டேபிள் ரம்பத்தில் பிளேடுக்குப் பின்னால் நிற்கும் மெல்லிய தகட்டை ரைவிங் நைஃப் என்பார்கள். என்னிடம் வரும் டேபிள் ரம்பங்கள் பலவற்றில் அது இருப்பதில்லை. "வேலைக்கு இடைஞ்சலாக இருக்கிறது" என்பதுதான் வழக்கமான பதில். பழைய காலத்து உயரமான தகடு இடைஞ்சல் கொடுத்தது உண்மை. இப்போதைய தகடு பிளேடின் உச்சிக்குக் கொஞ்சம் கீழேயே நிற்கும், பிளேடோடு சேர்ந்து ஏறி இறங்கும், பள்ளம் போடும் வேலைக்குக்கூடத் தடையில்லை. அது இல்லாவிட்டால் அறுத்த பிளவு மூடி, பலகை பின்பக்கப் பல்லில் உரசும். அந்தப் பற்கள் மேல்நோக்கிச் சுழல்கின்றன. பலகையைத் தூக்கி, நிற்கிறவர் வயிற்றைப் பார்த்து எறிந்துவிடும். பலகையோடு சேர்ந்து கையும் பிளேடுக்குள் இழுபடும்.

அதைவிட எனக்குப் பயம் தருவது, ஆங்கிள் கிரைண்டரில் பல் வைத்த மர பிளேடை மாட்டுவது. ரம்பம் வாங்கும் செலவு மிச்சம் என்று நினைக்கிறார்கள். சர்க்குலர் ரம்பம் நிமிடத்துக்கு 5,000 சுற்றை ஒட்டி ஓடும், நாலு அங்குல கிரைண்டர் 11,000. பலகைமேல் படுத்து நிற்க அடித்தட்டு கிடையாது, பிளேடை மூடும் மூடியும் கிடையாது. பல் மரத்தைக் கவ்விய நொடியில் மெஷின் துள்ளும், அது எந்தப் பக்கம் பாயும் என்று சொல்லவே முடியாது. இதற்காக பிளேடுக்குச் சாணை பிடித்துத் தரச் சொன்னால் நான் மறுத்துவிடுகிறேன். சிலர் கோபித்துக்கொண்டு போயிருக்கிறார்கள்.

வாங்குகிறவர் கேட்டால் சந்தை மாறுமா? விரல் பட்டால் தானே நின்றுவிடும் சாஸ்டாப் ரம்பத்தின் கதையைச் சொல்கிறேன். இயற்பியல் படித்த காப்புரிமை வழக்கறிஞர் ஸ்டீவன் காஸ் 1999-ல் ஒரு முறையைக் கண்டுபிடித்தார். பிளேடில் ஓடும் சின்ன மின் சமிக்ஞை விரல் பட்டவுடன் மாறும். உடனே ஓர் அலுமினியக் கட்டை பிளேடுக்குள் பாய்ந்து, சுமார் 5 மில்லிவினாடியில் அதை நிறுத்திவிடும். பிளேடு வீணாகும், விரல் மிஞ்சும். பெரிய தயாரிப்பாளர்கள் அதை எடுத்துக்கொள்ள முன்வரவில்லை. அவரும் கூட்டாளிகளும் சாஸ்டாப் என்ற பெயரில் தாங்களே ரம்பம் செய்து விற்றார்கள். பள்ளிகளும் பட்டறைகளும் விலை அதிகம் என்று தெரிந்தே கேட்டு வாங்கின. 2017-ல் ஃபெஸ்டூல் என்ற பெரிய கருவிக் கம்பெனியின் தாய் நிறுவனம் அந்தக் கம்பெனியை வாங்கியது.

காதைப் பற்றியும் சொல்லிவிடுகிறேன். 85 டெசிபலில் எட்டு மணி நேரம் வேலை செய்யலாம் என்பது கணக்கு. ஒவ்வொரு 3 டெசிபல் ஏறும்போதும் அந்த நேரம் பாதியாகும். சர்க்குலர் ரம்பம் சாதாரணமாகத் தொடும் 100 டெசிபலில் 15 நிமிடம்தான். காதடைப்பான் மெஷினோடு சேர்த்து வாங்கக்கூடிய மிகச் சின்னச் செலவு.

ஏற்கெனவே மூடியையும் தகட்டையும் தொலைத்தவர்கள் புது மெஷின் வாங்க வேண்டியதில்லை. பெரும்பாலான மாடல்களுக்கு அவை தனி உதிரிப்பாகமாகவே கிடைக்கின்றன. மெஷின்மேல் இருக்கும் மாடல் எண்ணைக் குறித்துக்கொண்டு போங்கள். தயாரிப்பாளரின் பாகப் படத்தில் அதற்குரிய எண் இருக்கும். கடைக்காரர் "அதை யாரும் கேட்பதில்லையே" என்றால், நீங்கள் கேட்பதாகச் சொல்லி வரவழைத்துத் தரச் சொல்லுங்கள்.