பி.ஏ.எச். என்பது வாடகைப் படியா, குடியிருப்புப் படியா?

அமெரிக்கப் படைகளில் இருப்பவர்கள் சம்பளத்தைப் பற்றிப் பேசத் தொடங்கினால் இரண்டாவது வாக்கியத்திலேயே ‘பி.ஏ.எச்.’ வந்துவிடும். விரித்தால் ‘பேசிக் அலவன்ஸ் ஃபார் ஹவுசிங்’. இதைத் தமிழில் சொல்ல வேண்டிவரும்போது பலரும் ‘வீட்டு வாடகைப் படி’ என்று எழுதிவிடுகிறார்கள். இந்திய அரசு ஊழியரின் சம்பளப் பட்டியலில் பார்த்துப் பழகிய சொல் என்பதால் கை தானாக அங்கே போகிறது. ஆனால் பி.ஏ.எச். பெற வாடகைக்குக் குடியிருக்க வேண்டியதில்லை. சொந்த வீட்டில் இருந்தாலும் வரும், நண்பரோடு வாடகையைப் பங்கு போட்டுக்கொண்டாலும் முழுதாக வரும். உங்கள் உண்மையான வாடகை எவ்வளவு என்பது கணக்கிலேயே இல்லை. ஆகவே ‘குடியிருப்புப் படி’ என்பதே சரி. முழுப் பெயர் வேண்டுமென்றால் ‘அடிப்படைக் குடியிருப்புப் படி’.

‘படி’ என்ற பகுதியில் மட்டும் யாருக்கும் சந்தேகம் வருவதில்லை, வரவும் வேண்டாம். எட்டு ஆழாக்கு கொண்டது ஒரு படி, எட்டுப் படி ஒரு மரக்கால். வேலைக்காரருக்கு நாள்தோறும் அளந்து கொடுத்த தானியத்துக்கு அந்த அளவையின் பெயரே நின்றது. ‘படியளக்கிறவன்’ என்று இன்றும் சொல்கிறோம். தானியம் போய்க் காசு வந்த பிறகும் பயணப்படி, அகவிலைப்படி என்று சொல் தங்கிவிட்டது. அகவிலை என்பதே தானிய விலைதான். ஆங்கில ‘அலவன்ஸ்’ பழைய பிரெஞ்சு வழி வந்தது. ஒதுக்குதல், புகழ்தல் என இரண்டு லத்தீன் வேர்கள் அதில் கலந்திருக்கின்றன.

படைக்கும் படிக்கும் இன்னொரு பழைய சொல் உறவும் உண்டு. வாடகைக் கார் ஓட்டுநருக்குக் கொடுக்கிறோமே, அந்த ‘பேட்டா’ கிழக்கிந்தியக் கம்பெனிப் படைகளில் களப்பணிக்கான கூடுதல் தொகையாகப் புழங்கிய சொல். சோற்றைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது என்பார்கள். 1766இல் வங்காளத்தில் கிளைவ் இரட்டை பேட்டாவை நிறுத்தியபோது கம்பெனியின் ஐரோப்பிய அதிகாரிகள் கூட்டமாகப் பதவி விலகினார்கள். படியில் கை வைத்தால் படையில் என்ன நடக்கும் என்பதற்கு அது போதும்.

‘ஹவுசிங்’குக்கு ஈடாகப் பாசறை, பாடிவீடு, படைவீடு ஆகிய சொற்களைக் கொண்டுவரும் ஆசை தமிழ் ஆர்வலர்களுக்கு வரும். சங்கப் பாடல்களின் பாசறை போர்க்களத்தை ஒட்டி அரசனும் படையும் தங்கும் தற்காலிக இடம். பி.ஏ.எச். அதற்கு நேர் எதிரானது: படை முகாமில் இடம் தராததற்காக, ஊருக்குள் மற்றவர்களைப் போலக் குடியிருக்கக் கொடுக்கும் பணம். அழகான சொல்தான், இங்கே பொருந்தாது.

பழைய பெயர்கள் ஏன் போயின

பி.ஏ.எச். 1998 ஜனவரி 1 அன்று நடைமுறைக்கு வந்தது. அதற்கு முன் இரண்டு படிகள் இருந்தன. ‘பி.ஏ.க்யூ.’ நாடு முழுவதும் ஒரே அளவாகத் தரப்பட்ட தங்குமிடப் படி. ‘வி.எச்.ஏ.’ வாடகை அதிகமுள்ள ஊர்களில் அதன்மேல் சேரும், ஊருக்கு ஊர் மாறும் படி. இந்த இரண்டாவதில்தான் சிக்கல். படையினர் வீட்டுக்கு எவ்வளவு செலவழிக்கிறார்கள் என்று அவர்களையே கேட்டு அதை நிர்ணயித்தார்கள். விலை கூடிய ஊரில் கையில் காசில்லாதவர் சிறிய வீட்டிலோ தொலைவிலோ குடியேறுவார். அவர் செலவு குறைவாகப் பதிவாகும். அதைப் பார்த்து அடுத்த முறை படியும் உயராது. படி போதாததால் செலவு குறைந்தது, செலவு குறைந்ததால் படி போதவில்லை. இந்தச் சுழலை உடைக்கத்தான் படையினரின் செலவை விட்டுவிட்டுச் சந்தை வாடகையை அளக்கும் முறைக்கு மாறினார்கள். தனிநபர் கட்டும் வாடகை கணக்கில் வராததற்குக் காரணம் இதுதான், கஞ்சத்தனமோ தாராளமோ அல்ல.

தொடக்கத்தில் வீட்டுச் செலவில் ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கைப் படையினரே போட வேண்டியிருந்தது. 2005க்குள் அந்தப் பங்கு நீக்கப்பட்டது. பிறகு படையினரின் பங்கை மீண்டும் கொண்டுவந்து, 2015இல் 1 சதவீதத்தில் தொடங்கி ஆண்டுக்கு ஒன்றாக ஏற்றி, 2019இல் 5 சதவீதத்தில் நிறுத்தினார்கள். 2015இல் வாடகைதாரர் காப்பீட்டுக்கான தொகையும் கணக்கிலிருந்து எடுக்கப்பட்டது. இந்த 5 சதவீதத்தைத் தன் வாடகையில் 5 சதவீதம் என்று புரிந்துகொள்கிறவர்கள் அதிகம். அது தேசிய சராசரிச் செலவில் கணக்கிடப்படுவது. ஒரே தரமும் ஒரே குடும்ப நிலையும் கொண்டவர்களுக்கு எந்த ஊரானாலும் கழிக்கப்படும் டாலர் தொகை ஒன்றுதான்.

தொகையைத் தீர்மானிக்கும் மூன்று விஷயங்கள்

ஊதியத் தரம் (‘இ’ என்றால் படைவீரர், ‘டபிள்யூ’ என்றால் வாரண்ட் அதிகாரி, ‘ஓ’ என்றால் அதிகாரி; எண் கூடினால் தரம் கூடும்), சார்ந்தோர் உண்டா இல்லையா, பணியிடத்தின் ஜிப் கோடு (அமெரிக்க அஞ்சல் குறியீட்டு எண்). இம்மூன்றும் தெரிந்தால் தொகை தெரிந்துவிடும்.

ஜிப் கோடில்தான் முதல் தவறு நடக்கும். கேட்கப்படுவது நீங்கள் குடியிருக்கும் இடத்தின் எண் அல்ல, நீங்கள் பணியமர்த்தப்பட்டிருக்கும் இடத்தின் எண். மலிவான பக்கத்து ஊரில் வீடு எடுத்தால் மிச்சம் உங்களுக்கு. விலை கூடிய பகுதியில் எடுத்தால் குறையும் உங்களுக்கே. கணக்குக்காகப் படி 2,400 டாலர் என்று வைத்துக்கொள்வோம். வாடகையும் மின்சாரம், தண்ணீர்ச் செலவும் சேர்ந்து 2,000 என்றால் 400 கையில் நிற்கும். 2,700 என்றால் 300ஐ அடிப்படைச் சம்பளத்திலிருந்து எடுக்க வேண்டும். வெளிநாட்டுக் களப்பணிக்கு அனுப்பப்பட்டாலும் நிரந்தரப் பணியிடத்தின் தொகையே தொடரும்.

நாடு சுமார் 300 படைக் குடியிருப்புப் பகுதிகளாகப் பிரிக்கப்பட்டிருக்கிறது. ஒவ்வொன்றிலும் ஆறு வகை வீடுகளின் வாடகையும் எரிபொருள், மின்சாரம், தண்ணீர், கழிவுநீர்ச் செலவும் திரட்டப்படுகின்றன. ஒரு படுக்கையறை அபார்ட்மென்டில் தொடங்கி நான்கு படுக்கையறைத் தனி வீட்டில் முடியும் வரிசை அது. நடமாடும் வீடுகள், அறைகலன்களோடு வாடகைக்கு விடப்படுபவை, வருமான வரம்புள்ள மானிய வீடுகள் ஆகியவை சேர்வதில்லை. குடும்பத்தோடு இருக்கும் இ-5க்கு அளவுகோல் இரண்டு படுக்கையறை டவுன்ஹவுஸ் (சுவரோடு சுவர் ஒட்டிய வரிசை வீடு), இ-6க்கு மூன்று படுக்கையறை டவுன்ஹவுஸ், டபிள்யூ-3க்கு மூன்று படுக்கையறைத் தனி வீடு, ஓ-5க்கு நான்கு படுக்கையறைத் தனி வீடு. இடையில் வரும் தரங்களுக்கு இவற்றின் நடுவே தொகை பிரிக்கப்படும். இ-5 ஒருவர் தனி வீடு வாங்கிவிட்டு ‘படி போதவில்லை’ என்றால், அவருக்கு அளந்த படி டவுன்ஹவுஸுக்கானது என்பதுதான் பதில். வீட்டுக் கடன் தவணை எவ்வளவு என்று இந்தக் கணக்கு பார்ப்பதே இல்லை.

‘டிபெண்டன்ட்’ என்பதைச் ‘சார்ந்தோர்’ எனலாம். கணவன் அல்லது மனைவி, 21 வயதுக்குட்பட்ட மணமாகாத பிள்ளை (முழுநேரக் கல்லூரி மாணவர் என்றால் 23 வரை) ஆகியோர் இதில் வருவார்கள். எண்ணிக்கைக்கு மதிப்பில்லை: ஒருவர் இருந்தாலும் ஐவர் இருந்தாலும் தொகை ஒன்றே. நம் குடும்பங்களில் முதலில் எழும் கேள்வி அப்பா அம்மாவைப் பற்றியது. ஊருக்கு மாதாமாதம் பணம் அனுப்புவதால் மட்டும் பெற்றோர் சார்ந்தோர் ஆகிவிட மாட்டார்கள். அவர்களுடைய வாழ்க்கைச் செலவில் பாதிக்கு மேல் நீங்கள் தாங்குவதைக் கணக்குக் காட்டித் தனியாக விண்ணப்பித்து ஒப்புதல் பெற வேண்டும். கணவனும் மனைவியும் படையில் இருந்து, பிள்ளையும் இல்லையென்றால் இருவருக்குமே ‘சார்ந்தோர் இல்லா’ தொகை. பிள்ளை பிறந்ததும் ஒருவருக்கு மட்டும் ‘சார்ந்தோர் உள்ள’ தொகை.

ஊதியச் சீட்டில் பார்க்க வேண்டியவை

‘எல்.இ.எஸ்.’ எனப்படும் மாத ஊதியச் சீட்டில் இடப்பக்க வரவுப் பத்தியில் பி.ஏ.எச். தொகை இருக்கும். பலர் அதோடு நிறுத்திவிடுவார்கள். கீழே ஒரு வரிசையில் சிறிய கட்டங்கள் உண்டு. 1997உடன் போன பெயர்கள் இன்னும் அங்கே உயிரோடு இருக்கின்றன: ‘பி.ஏ.க்யூ. டைப்’, ‘பி.ஏ.க்யூ. டெப்ன்’, ‘வி.எச்.ஏ. ஜிப்’. முதலாவது, சார்ந்தோர் உண்டா இல்லையா என்பது. இரண்டாவது, அந்தச் சார்ந்தவர் யார் என்பதன் எழுத்துக் குறி. மூன்றாவது, எந்த ஜிப் கோடை வைத்துக் கணக்கிட்டார்கள் என்பது. இடமாற்றம் ஆன முதல் இரண்டு மாதங்களில் அந்த மூன்றாவது கட்டத்தைக் கட்டாயம் பாருங்கள். பழைய ஊரின் எண்ணே நின்றுவிட்டால், கூடுதலாக வந்த ஒவ்வொரு டாலரும் பிறகு பாக்கியாகப் பிடிக்கப்படும். புதிய இடத்தில் ஆஜராவதற்கு முந்தைய நாள் வரை பழைய ஊரின் தொகை வருவது மட்டும் முறைதான்.

மணமுறிவுதான் அதிகம் கையைச் சுடும். பிள்ளை இல்லாத தம்பதி பிரிந்தால் தீர்ப்பு நாளோடு சார்ந்தோர் நிலை முடிகிறது. சொல்லாமல் விட்டால் மாதங்கள் கழித்து மொத்தமாகப் பிடித்தம் வரும். வேண்டுமென்றே மறைத்தது என்று தெரிந்தால் படைச் சட்டத்தின் 107ஆம் பிரிவு (பொய்யான அலுவல் அறிக்கை), 121ஆம் பிரிவு (திருட்டு) வரை போகும். திருமணத்தில் இந்த ஆபத்து இல்லை, தாமதம்தான் உண்டு. சான்றிதழைக் கொடுத்து, படையினரையும் அவர்களைச் சார்ந்தோரையும் பதியும் ‘டீர்ஸ்’ பதிவேட்டில் துணைவரைச் சேர்த்து, ஊதியப் பிரிவில் பி.ஏ.எச். கோரிக்கையையும் தர வேண்டும். டீர்ஸில் சேர்த்ததும் பணம் தானாக வரும் என்று காத்திருப்பவர்கள் பலர். பதிவேடு வேறு, சம்பளக் கணக்கு வேறு.

ஜனவரி தோறும் புதிய அட்டவணை வரும். தொகை ஏறினால் உங்களுக்கும் ஏறும், இறங்கினால் உங்களுக்கு இறங்காது. இதை ‘ரேட் ப்ரொடெக்‌ஷன்’ என்பார்கள், தமிழில் ‘தொகைக் காப்பு’ எனலாம். அதே பணியிடத்தில் இருக்கும் வரை, தரம் குறையாத வரை, சார்ந்தோர் நிலை மாறாத வரை அது செல்லும். அதனால் ஒரே தெருவில் ஒரே தரத்தில் இருக்கும் இருவர், ஒருவர் டிசம்பரிலும் மற்றவர் ஜனவரியிலும் வந்திருந்தால், வேறு வேறு தொகை பெறலாம்.

குடியிருப்புப் படிக்கு வருமான வரி இல்லை. வரியில்லாத அந்தப் பணத்தில் வீட்டுக் கடன் வட்டி கட்டினாலும், அந்த வட்டியை வரிக்கணக்கில் கழித்துக்கொள்ளச் சட்டம் விடுகிறது. படையினருக்குக் கிடைக்கும் அரிய சலுகை இது.

மற்ற வகைகளும் அவற்றுக்கான தமிழும்

முகாம் விடுதியான பாரக்ஸில் தங்கும் தனியருக்கு முழுப் படி கிடையாது. ‘பார்ஷியல்’ எனும் பகுதிப் படி மட்டும் உண்டு: இ-1க்கு மாதம் 6.90 டாலர், தளபதி நிலையில் 50.70. காலத்தில் உறைந்துபோன தொகைகள் இவை. இ-6 முதல் மேலே உள்ள தனியர்கள் பொதுவாகப் பாரக்ஸை மறுத்து வெளியே குடியேறலாம். அதற்குக் கீழே உள்ளவர்கள் இடமில்லை என்ற எழுத்துப்பூர்வ அனுமதி கைக்கு வராமல் வாடகை ஒப்பந்தத்தில் கையெழுத்திடக் கூடாது. அனுமதி மறுக்கப்பட்டால் வாடகை முழுவதும் சொந்தச் செலவு. பாரக்ஸில் இருந்துகொண்டு பிள்ளைக்கு ஜீவனாம்சம் கட்டுகிறவருக்கு ‘டிஃப்’ எனும் வேறுபாட்டுப் படி. கட்டும் தொகை அந்தப் படியைவிடக் குறைவாக இருந்தால் அதுவும் கிடையாது. காப்புப் படையினர் 30 நாளோ அதற்குக் குறைவாகவோ பணிக்கு வந்தால், பொதுவாக ஊர் வேறுபாடு பார்க்காத ‘ஆர்.சி.டி.’ தொகை.

முகாமுக்குள் தனியார் நிறுவனம் நடத்தும் வீடுகள் 1996இல் தொடங்கிய திட்டத்தால் வந்தவை. அங்கே குடியேறினால் பி.ஏ.எச். பெரும்பாலும் சம்பளத்திலிருந்தே நேராக நிறுவனத்துக்குப் போகும். காலி செய்யும்போது அந்தப் பிடித்தத்தை நிறுத்தியாயிற்றா என்று அடுத்த ஊதியச் சீட்டில் உறுதி செய்துகொள்ளுங்கள்.

வெளிநாட்டில் பணியிடம் என்றால் பி.ஏ.எச். இல்லை, ‘ஓ.எச்.ஏ.’ (ஓவர்சீஸ் ஹவுசிங் அலவன்ஸ்) உண்டு. ஹவாயும் அலாஸ்காவும் பி.ஏ.எச்.சில் அடங்கும். குவாமும் போர்ட்டோ ரிக்கோவும் ஓ.எச்.ஏ.வில். ஓ.எச்.ஏ. பெற வாடகை ஒப்பந்தத்தைக் காட்ட வேண்டும். உச்ச வரம்புக்குள் உண்மையான வாடகை எவ்வளவோ அவ்வளவே வரும், மிச்சம் பிடிக்க வழியில்லை. வீட்டைப் பகிர்ந்தால் தொகையும் பகிரப்படும். நாணய மாற்று விகிதம் மாறினால் தொகையும் மாறும். ‘வாடகைப் படி’ என்ற சொல்லை வீணாக்க மனமில்லாதவர்கள் இதற்கு வைத்துக்கொள்ளலாம்: ‘அயல்நாட்டு வாடகைப் படி’.

முன்னாள் படையினர் 9/11க்குப் பிந்தைய ஜி.ஐ. பில் எனும் கல்வி உதவித் திட்டத்தில் படிக்கும்போது வரும் வீட்டுத் தொகையையும் பேச்சில் பி.ஏ.எச். என்றே சொல்கிறார்கள். தொகை இ-5, சார்ந்தோர் உள்ளவர் என்ற அட்டவணையிலிருந்துதான் எடுக்கப்படுகிறது, ஆனால் கல்லூரி வளாகத்தின் ஜிப் கோடுக்கு. வகுப்பு முழுவதும் இணையவழி என்றால் தேசிய சராசரியில் பாதி. பருவ விடுமுறை நாட்களுக்குப் பணம் வராது. இதைக் ‘கல்விக்காலக் குடியிருப்புப் படி’ என்று பிரித்து எழுதினால், டிசம்பர் விடுமுறைக்குப் பிறகு ஜனவரியில் வரும் பணம் ஏன் குறைந்தது என்று படைப்பிரிவின் ஊதிய அலுவலகத்தில் போய்க் கேட்கும் அலைச்சல் மிச்சமாகும். அந்தக் கேள்விக்கான இடம் கல்லூரியின் சான்றளிப்பு அலுவலர்.