கோசொக்கோ: ஒரு பெயருக்குள் ஒரு வாக்கியம்

நைஜீரியர்களின் பெயர்கள் ஏன் இவ்வளவு நீளம் என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். அவர் குறிப்பிட்டவை எல்லாமே யொரூபா பெயர்கள். தென்மேற்கு நைஜீரியாவிலும் பக்கத்தில் பெனின், டோகோ நாடுகளிலும் பேசப்படும் மொழி அது. அந்தப் பெயர்களில் பலவும் முழு வாக்கியங்கள், நீளம் அதனால்தான்.

பாபாதுண்டே என்றால் 'அப்பா திரும்ப வந்துவிட்டார்'. தாத்தா இறந்தபின் பிறக்கும் பேரனுக்கு வைப்பது. இரட்டையரில் முதலில் வரும் குழந்தை தைவோ, பின்னால் வருவது கேஹிந்தே. ஆனால் கேஹிந்தேதான் மூத்தது! உலகம் எப்படி இருக்கிறதென்று பார்த்துவரத் தைவோவை முன்னால் அனுப்பியதாம். குப்புறப் பிறந்தால் அஜாயி. 1843-ல் யொரூபா சொற்தொகுதியை அச்சிட்ட பாதிரியார் சாமுவேல் அஜாயி கிரவுதர் எப்படிப் பிறந்தார் என்பது அவர் பெயரிலேயே இருக்கிறது.

சரி, வாக்கியம் எப்படிப் பெயருக்குள் அடங்குகிறது? எனக்கு அலுக்கவே அலுக்காத இடம் இது.

1845 முதல் 1851 வரை லாகோஸை ஆண்ட மன்னர் கோசொக்கோ. அவர் பெயரைப் பிரித்தால் கோ + சி + ஒக்கோ: 'மண்வெட்டி இல்லை'. நாடு + எங்கும் 'நாடெங்கும்' ஆவதுபோல, 'சி'யின் இகரம் விழுந்து ஒகரம் வந்து உட்கார்கிறது. இதுவரை நமக்குப் பழகிய புணர்ச்சிதான். ஆனால் யொரூபாவில் ஒவ்வொரு அசைக்கும் கீழ், நடு, மேல் என்று ஒரு சுருதி உண்டு. டோ, ரே, மி என்று சொல்லித் தருவார்கள். நாம் ச, ரி, க என்று வைத்துக்கொள்வோம். பிரித்துச் சொன்னால் கோ (ச), சி (க), ஒக்கோ (ரி, க). சேர்ந்தபின் ச, க, க. இகரம் போய்விட்டது, அதன் 'க' போகவில்லை! பக்கத்து ஒகரத்தின் மேல் ஏறி, அங்கிருந்த 'ரி'யைத் தள்ளிவிட்டது. ஆப்பிரிக்க மொழிகளில் இப்படிப் பிழைத்து நிற்கும் சுருதிகளைக் கண்டுதான், 1976-ல் மொழியியலாளர் ஜான் கோல்ட்ஸ்மித் தன் முனைவர் பட்ட ஆய்வில் சுருதியையும் ஒலியையும் தனித்தனி அடுக்குகளாக வைத்துக் காட்டினார்.

கடைசி அசையை மட்டும் 'ரி'க்கு இறக்கிப் பாருங்கள். 'புருஷன் இல்லை' என்று ஆகிவிடும். படிவங்களிலும் கடவுச்சீட்டுகளிலும் சுருதிக் குறிகளை உதறிவிட்டு எழுதுவது எனக்குப் பொறுப்பதே இல்லை. துந்துன் என்ற பேசும் மேளத்தில் உயிரும் இல்லை, மெய்யும் இல்லை. உடுக்கைபோல் இடை சிறுத்த அதன் வார்களை அக்குளில் இறுக்கினால் தோல் விறைத்துச் சுருதி ஏறும். வெறும் சுருதியை வைத்தே அது ஆளைப் பெயர் சொல்லி அழைக்கும்.

அப்புறம், 'மண்வெட்டி இல்லை' என்று யாராவது பெயர் வைப்பார்களா? குழந்தைகள் அடுத்தடுத்து இறந்த வீட்டில் வைப்பார்கள். ஒரே குழந்தைதான் திரும்பத் திரும்பப் பிறந்து சாகிறது என்பது நம்பிக்கை. அதை அபிகு என்பார்கள். 'குழி வெட்ட மண்வெட்டி இல்லை, இங்கேயே இரு' என்று அடுத்த குழந்தையிடம் கெஞ்சும் பெயர் இது. 'இனிப் போகாதே' என்ற பொருளில் மலோமோ என்றும் ஒரு பெயர் உண்டு.

இந்த வீடுகளில் பலவற்றைத் தாக்கியது, ரத்தச் சிவப்பணுக்கள் அரிவாள்போல் வளைந்துவிடும் பரம்பரை நோயான அரிவாள் அணுச் சோகையாக இருக்கலாம் என்று மருத்துவர்கள் கருதுகிறார்கள். பெற்றோர் இருவரிடமும் அந்த மரபணு ஒளிந்திருந்தால், ஒவ்வொரு பிரசவத்திலும் நோய்க்கு நாலில் ஒரு வாய்ப்பு. இறந்த குழந்தை மறுபடி வரக்கூடாதென்று அதன் உடலைக் கீறிய வழக்கத்தை என்னால் ஏற்கமுடியாது. ஆனால் ஒரே குடும்பத்துக்கு ஒன்றே திரும்பி வருகிறது என்று அந்தத் தாய்மார்கள் கண்டது சரிதான். வந்தது மரபணு. இந்தியாவில் அரிவாள் அணுவை முதலில் கண்டது நம் நீலகிரிப் பழங்குடிகளிடம், 1952-ல்.

பிறந்ததும் குதிகாலில் ஒரு சொட்டு ரத்தம் எடுத்தால் நோய் தெரிந்துவிடும். பென்சிலினைச் சீக்கிரமே தொடங்கிப் பல மரணங்களைத் தடுக்கலாம். இங்கேயானாலும் அங்கேயானாலும் இதற்கு அரசு தாராளமாகச் செலவழிக்க வேண்டும். யொரூபா வீடுகளில் பெயர் வைப்பது எட்டாம் நாள். அதற்குள் அந்த ஒரு சொட்டை எடுத்துவிடலாம்.