பழைய கன்சோலுக்கு ஹார்டு டிஸ்க் மாற்றும் முன்

வீடியோ கேம் கன்சோல் ரிப்பேர் என் தொழில். பழைய பிளேஸ்டேஷன் 3 (பிஎஸ் 3), எக்ஸ்பாக்ஸ் 360 கொண்டுவருகிறவர்கள் பெரும்பாலும் ஒரே விஷயத்தைத்தான் கேட்கிறார்கள்: "கேம் லோட் ஆகவே மாட்டேங்குது, பெரிய ஹார்டு டிஸ்க்கா மாத்திக் கொடுங்க." தாராளமாக மாற்றலாம், பெரிய வேலையும் இல்லை. ஆனால் ஸ்க்ரூவைக் கழற்றும் முன் நான் கேட்பது, சேவ் ஃபைல்களை வேறெங்காவது காப்பி எடுத்து வைத்திருக்கிறீர்களா என்று. "கேம் டிஸ்க் எல்லாம் பத்திரமா இருக்கே" என்று பதில் வரும். டிஸ்க்கில் இருப்பது கேம் மட்டும்தான். அதை நீங்கள் எதுவரை விளையாடினீர்கள் என்பது ஹார்டு டிஸ்க்கில் இருக்கிறது. கேமைத் திரும்ப வாங்கலாம், திரும்ப இன்ஸ்டால் செய்யலாம். ஐந்தாறு வருடமாகச் சேர்த்த சேவ் போனால் யாராலும் மீட்டுத் தர முடியாது. அந்தச் செய்தியைச் சொல்லும்போது எதிரே நிற்பவரின் முகம் மாறுவதை இனிப் பார்க்கவே கூடாது என்பதற்காகத்தான் இதை எழுதுகிறேன்.

ஹார்டு டிஸ்க்கிலிருந்து கேம் ஓட்டுவது நல்ல பழக்கம், அதில் எனக்குச் சந்தேகமே இல்லை. பழைய கன்சோலில் முதலில் தேய்வது டிஸ்க் டிரைவ். லேசர் பலவீனமாகிவிடும், லென்ஸை நகர்த்தும் தடத்தில் கிரீஸ் காய்ந்துவிடும், மோட்டார் முனகும். கேமை ஹார்டு டிஸ்க்குக்கு மாற்றிவிட்டால் அந்தச் சுமை பெருமளவு குறையும். எக்ஸ்பாக்ஸ் 360-க்கு 2008 நவம்பரில் வந்த அப்டேட்டில் முழு டிஸ்க்கையும் இன்ஸ்டால் செய்யும் வசதி கிடைத்தது. அதிலும் டிஸ்க் உள்ளே இருந்தாக வேண்டும். உங்களிடம் டிஸ்க் இருக்கிறதா என்று ஒருமுறை பார்த்துவிட்டு, சுற்றுவதை நிறுத்திவிடும். சத்தம் குறைவதை அறைக்குள் நின்றாலே உணரலாம். எல்லாக் கேமும் இதனால் வேகமாகிவிடும் என்று நினைக்க வேண்டாம். ஹேலோ 3 வேகத்துக்காக ஹார்டு டிஸ்க்கின் ஒரு பகுதியை ஏற்கெனவே பயன்படுத்தி வந்தது. அதை இன்ஸ்டால் செய்தால் லோடிங் நேரம் கூடியது. டிஸ்க்கிலிருந்தே ஓட்டுங்கள் என்று அதை உருவாக்கிய பங்கி நிறுவனமே அப்போது சொன்னது.

பிஎஸ் 2 கதை தனி. முதலில் வந்த பருமனான மாடலில் பின்பக்கம் ஒரு அறை இருக்கும். நெட்வொர்க் அடாப்டரோடு, பழைய கம்ப்யூட்டர்களில் இருந்த ஐடிஇ வகை 3.5 அங்குல ஹார்டு டிஸ்க்கை அதில் மாட்டலாம். 2004-இல் வந்த ஸ்லிம் மாடலில் அந்த அறை இல்லை. அதனால் பலர் முன்பக்க யுஎஸ்பியில் பென் டிரைவ் செருகி ஓட்டப் பார்க்கிறார்கள். அப்புறம் "வீடியோ எல்லாம் திக்கித் திக்கி ஓடுது, பென் டிரைவ் சரியில்லையா?" என்று கேட்கிறார்கள். பென் டிரைவில் குறையில்லை. அந்த யுஎஸ்பி 1.1 வகை. அதன் உச்ச வேகம் நொடிக்கு 12 மெகாபிட், அதாவது ஒன்றரை மெகாபைட்; நடைமுறையில் ஒரு மெகாபைட் அளவுக்குத்தான் வரும். பிஎஸ் 2-வின் டிவிடி டிரைவே நொடிக்கு ஐந்து மெகாபைட்டுக்கு மேல் படிக்கும். ஆக, எவ்வளவு விலை உயர்ந்த பென் டிரைவ் போட்டாலும் டிஸ்க்கைவிட மெதுவாகத்தான் ஓடும். பிஎஸ் 2-வில் ஒரு நிம்மதி உண்டு. சேவ் பெரும்பாலும் மெமரி கார்டில் இருப்பதால் ஹார்டு டிஸ்க் போனாலும் அது தப்பிவிடும்.

பலருக்குத் தெரியாத விஷயம் ஒன்று இருக்கிறது: பல கன்சோல்களில் ஹார்டு டிஸ்க்கும் மதர்போர்டும் ஒன்றோடு ஒன்று பூட்டப்பட்டவை. 2001-இல் வந்த முதல் எக்ஸ்பாக்ஸில் 8 ஜிபி ஐடிஇ டிஸ்க் இருந்தது. அதற்கு ஒரு பாஸ்வேர்டு உண்டு. அந்த பாஸ்வேர்டுக்கான சாவி மதர்போர்டில் உள்ள சின்ன மெமரி சிப்பில் இருக்கும். இந்தப் பழைய போர்டுகளில் கடிகாரத்துக்கான கெபாசிட்டர் கசிந்து சுற்றியிருக்கும் தடங்களை அரிப்பது அடிக்கடி பார்க்கும் கோளாறு. போர்டு அப்படியே செத்து, சாவியையும் யாரும் எடுத்து வைக்கவில்லை என்றால், நன்றாகச் சுற்றிக்கொண்டிருக்கும் டிஸ்க்கும் பூட்டிய பெட்டிதான். முதல் எக்ஸ்பாக்ஸ் வைத்திருப்பவர்கள், அது நல்ல நிலையில் இருக்கும்போதே ரிப்பேர் கடையில் கொடுத்து அந்தக் கெபாசிட்டரைக் கழற்றச் சொல்லிவிடுங்கள் (கடைசியாக வந்த 1.6 வகை போர்டில் மட்டும் அதைக் கழற்றக் கூடாது). மின்சாரத்தைத் துண்டித்தால் நேரம் மறந்துபோகும். அதைத் தவிர வேறு நஷ்டம் இல்லை.

பிஎஸ் 3-யில் பூட்டு இன்னும் இறுக்கம். டிஸ்க்கில் உள்ள எல்லாமே அந்த ஒரு கன்சோலின் சாவியால் என்க்ரிப்ட் ஆகியிருக்கும், அதாவது வேறு யாரும் படிக்க முடியாத ரகசியக் குறியீடாக இருக்கும். கழற்றி இன்னொரு பிஎஸ் 3-யில் மாட்டினால் ஃபார்மேட் செய்யச் சொல்லும். "மஞ்சள் லைட் எரிஞ்சு செத்துப்போச்சு, ஹார்டு டிஸ்க்க வேற மெஷின்ல போட்டு சேவ் மட்டும் எடுத்துக் கொடுங்க" என்று கேட்டால், முடியாது என்றுதான் சொல்ல வேண்டியிருக்கிறது. முதலில் பழைய போர்டையே உயிர்ப்பிக்க வேண்டும். நின்டெண்டோவின் வீ யூ கன்சோலில் மாட்டும் யுஎஸ்பி டிஸ்க்கும் எந்தக் கன்சோலில் ஃபார்மேட் ஆனதோ அதோடு மட்டும்தான் பேசும். எக்ஸ்பாக்ஸ் 360 இந்த விஷயத்தில் தாராளம். அதன் டிஸ்க்கைக் கழற்றி இன்னொரு 360-இல் மாட்டினால் சேவ்கள் தெரியும்.

அதனால் பேக்கப் எடுக்க வேண்டிய நேரம் கன்சோல் நன்றாக ஓடும் நேரம்தான். பிஎஸ் 3-யில் கேம் மெனுவில் சேவ்டு டேட்டா யூட்டிலிட்டி இருக்கிறது. ஃபேட் 32 என்ற முறையில் ஃபார்மேட் செய்த ஒரு பென் டிரைவைச் செருகி, ஒவ்வொரு சேவாகக் காப்பி செய்யலாம். சில கேம்களின் சேவ் காப்பி ஆகாது, பூட்டு வைத்திருப்பார்கள். அவற்றுக்கு சிஸ்டம் செட்டிங்ஸில் உள்ள பேக்கப் யூட்டிலிட்டிதான் வழி. அது மொத்த டிஸ்க்கையும் வெளி டிரைவுக்கு எடுத்துவிடும். ஆனால் பூட்டிய சேவ்கள் அதே கன்சோலுக்குத்தான் திரும்பும், வேறு பிஎஸ் 3-க்கு வராது. கேம்களில் வென்ற டிராபிகளை சோனியின் ஆன்லைன் சேவையான பிளேஸ்டேஷன் நெட்வொர்க்கோடு ஒருமுறை சிங்க் செய்துவிடுங்கள். 360-இல் 2010 ஏப்ரல் அப்டேட்டுக்குப் பிறகு பென் டிரைவையே சேமிப்பிடமாக வைக்கலாம், சேவ் ஃபைல்களை அதற்குக் காப்பி செய்வது ஐந்து நிமிட வேலை.

கன்சோலிலிருந்து கழற்றிய டிஸ்க்கைச் சிலர் ஆர்வத்தில் கம்ப்யூட்டரில் மாட்டிப் பார்ப்பார்கள். விண்டோஸுக்கு அந்த டிஸ்க்கின் அமைப்பு புரியாது. உடனே ஒரு சின்னப் பெட்டி வரும்: பயன்படுத்தும் முன் டிஸ்க்கை ஃபார்மேட் செய்ய வேண்டும், செய்யட்டுமா? சில சமயம் இனிஷியலைஸ் செய்யச் சொல்லும். டிஸ்க் கெட்டுவிட்டது என்று நினைத்து ஓகே கொடுத்துவிடுகிறார்கள். அந்த ஒரு கிளிக்கில் நல்ல டிஸ்க் காலியாகிவிடும். எது கேட்டாலும் கேன்சல் கொடுங்கள். டிஸ்க்கின் உடல்நிலையை மட்டும் பார்க்க வேண்டுமென்றால் கிரிஸ்டல் டிஸ்க் இன்ஃபோ போன்ற மென்பொருள் போதும், அது உள்ளே எதையும் எழுதாது. அது காட்டும் பட்டியலில் 05, சி5 என்ற இரண்டு வரிகளைப் பாருங்கள். முதலாவது, கெட்டுப்போனதால் மாற்றி ஒதுக்கிய செக்டர்கள் (டிஸ்க்கில் டேட்டா எழுதும் சின்னச் சின்னப் பகுதிகள்). அடுத்தது, படிக்கத் திணறிக்கொண்டிருக்கும் செக்டர்கள். இரண்டின் மூல மதிப்பும் பூஜ்யமாக இருக்க வேண்டும். சி5 ஏறிக்கொண்டே போகிறது என்றால் அந்த டிஸ்க்கை நம்ப வேண்டாம்.

கழற்றாமலே தெரியும் அறிகுறிகளும் உண்டு. ஒரு கேம் எப்போதும் ஒரே இடத்தில் உறைந்து நிற்பது, மெனு திறக்கவே நேரம் எடுப்பது, காதை வைத்துக் கேட்டால் டிக் டிக் என்ற தட்டல். வெளியே மாட்டும் டிஸ்க்காக இருந்தால் தட்டல் சத்தத்துக்கு மின்சாரமும் காரணமாக இருக்கலாம். யுஎஸ்பி 2.0 போர்ட் தருவது 500 மில்லி ஆம்பியர். 2.5 அங்குல டிஸ்க் சுற்ற ஆரம்பிக்கும் கணத்தில் அதைவிட அதிகம் கேட்கும். கிடைக்காதபோது சுற்றத் தொடங்கி, நின்று, மறுபடி தொடங்கும். வீ யூ-வுக்கு இரண்டு போர்ட்டில் செருகும் ஒய் கேபிளோ, தனி அடாப்டர் உள்ள டிஸ்க்கோ வேண்டும் என்று சொல்வது இதனால்தான்.

பிஎஸ் 3 தடுமாறினால், கோளாறு பார்ப்பதற்கென்றே உள்ள சேஃப் மோடு மெனு இருக்கிறது. மூன்றாவது வரி ஃபைல் சிஸ்டத்தைச் சரிபார்க்கும், நான்காவது டேட்டாபேஸை மறுபடி கட்டும். இந்த இரண்டையும் முயன்று பார்க்கலாம். ஐந்தாவது, சிஸ்டத்தை ரீஸ்டோர் செய்வது. அது டிஸ்க்கைத் துடைத்துவிடும். வரிசையாக ஒவ்வொன்றாக அழுத்திக்கொண்டே போகிறவர்கள் ஐந்தில் வந்து எல்லாவற்றையும் இழக்கிறார்கள்.

புது டிஸ்க் வாங்கும்போது பிஎஸ் 3-க்கு 2.5 அங்குல சாட்டா இணைப்பு வகை (லேப்டாப்பில் வருவது), 9.5 மில்லிமீட்டர் தடிமனுக்கு மேல் போகாமல் பார்த்து வாங்குங்கள். அதிகக் கொள்ளளவு உள்ளவை 15 மில்லிமீட்டர் வரை இருக்கும், உள்ளே நுழையாது. 500 ஜிபியே தாராளம். சுற்றும் தட்டு இல்லாத எஸ்எஸ்டி போட்டால் சத்தமும் சூடும் குறையும், லோடிங் ஓரளவு குறையும். புது கம்ப்யூட்டரில் பார்க்கும் வேகத்தை எதிர்பார்க்க வேண்டாம், உள்ளே இருக்கும் சாட்டா முதல் தலைமுறை. நூற்றுக்கணக்கான கேம்களோடு நிரப்பி விற்கப்படும் டிஸ்க்குகளை நான் மாட்டித் தருவதில்லை. திருட்டுப் பிரதி என்பது முதல் காரணம். அவற்றுக்காகக் கன்சோலை மாற்றியமைத்தால் ஆன்லைன் தடை வரும் என்பது அடுத்தது. 2009 நவம்பரில் மைக்ரோசாஃப்ட் அப்படி ஏராளமான 360-களை அதன் ஆன்லைன் சேவையான எக்ஸ்பாக்ஸ் லைவிலிருந்து தடை செய்தது.

கேம் டிஸ்க்கே இல்லாமல், டவுன்லோடாக மட்டும் வாங்கிய கேம்கள் வைத்திருப்பவர்கள் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். நின்டெண்டோ வீ கன்சோலின் வீ ஷாப் 2019 ஜனவரியில் மூடப்பட்டது. வீ யூ-வின் ஈஷாப்பில் 2023 மார்ச்சோடும், 360-இன் ஸ்டோரில் 2024 ஜூலையோடும் விற்பனை நின்றது. பிஎஸ் 3 ஸ்டோரை 2021-இல் மூடுவதாக அறிவித்த சோனி, எதிர்ப்பு வந்ததும் முடிவை மாற்றிக்கொண்டது. வாங்கியவற்றை மறுபடி இறக்கும் வசதி எத்தனை நாள் இருக்கும் என்பது அந்த நிறுவனங்களின் கையில். உங்கள் கணக்கில் இருந்தும் இன்னும் இறக்காத கேம்கள் இருந்தால் இந்த வாரமே இறக்கி, ஒருமுறை திறந்து பார்த்துவிடுங்கள்.