சாட்சி சொல்லப் போகிறீர்களா? முதலில் ஏ.பி.பி.யைப் போய்ப் பாருங்கள்

ஜார்ஜ் டவுன் கோர்ட் வராந்தாவில் என்னை நிறுத்தி "மேடம், நீங்க போலீஸ் வக்கீலா?" என்று கேட்காத நாளே கிடையாது. இல்லை என்றால் அடுத்து, "அப்ப எங்க வக்கீலா? ஃபீஸ் எவ்ளோ?" அதுவும் இல்லை. அரசு உதவி வழக்கறிஞராகப் பணியில் இருந்தவரை இதற்கு நின்று பதில் சொல்ல நேரம் இருந்ததில்லை, உள்ளே அடுத்த கேஸைக் கூப்பிட்டுவிடுவார்கள். இப்போது ஓய்வு பெற்றுவிட்டேன், சாவகாசமாகச் சொல்கிறேன்.

அரசு உதவி வழக்கறிஞர், சுருக்கமாக ஏ.பி.பி., மாஜிஸ்திரேட் கோர்ட்டில் அரசுக்காகக் குற்ற வழக்கு நடத்துபவர். டி.என்.பி.எஸ்.சி. தேர்வு எழுதி வர வேண்டும், அதற்கு முன் 5 வருடம் குற்றவியல் கோர்ட்டுகளில் பழகியிருக்க வேண்டும். நான் தம்பு செட்டித் தெருவில் ஒரு சீனியரிடம், மாடிப்படிக்குக் கீழே இருந்த ஒரு மேசையில் அந்த வருடங்களைத் தள்ளினேன். செஷன்ஸ் கோர்ட்டில் இருக்கும் பி.பி., அதாவது அரசு வழக்கறிஞர், வேறு வகை. 7 வருட அனுபவம் உள்ள வக்கீல்களிலிருந்து அரசு நியமிப்பது, ஆட்சி மாறினால் பெரும்பாலும் ஆளும் மாறுவார். எங்களுக்கு அப்படி இல்லை, மூன்று வருடத்துக்கு ஒரு டிரான்ஸ்ஃபர் வந்தாலும் வேலை நிரந்தரம்.

யாருக்கு வக்கீல் என்ற கேள்விக்கு வருகிறேன். எங்களுக்கு வக்காலத்து கிடையாது, நீங்கள் கையெழுத்துப் போட்டு எங்களை வைத்துக்கொள்ளவில்லை. அதே சமயம் போலீசுக்கும் நாங்கள் ஆள் இல்லை. 2000-ல் ஆர்.சரளா வழக்கில், அதுவும் நம் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து மேலே போன வழக்கு, உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொன்னது: புலன் விசாரணை போலீசின் வேலை, குற்றப்பத்திரிகை எப்படிப் போடுவது என்று அரசு வழக்கறிஞரிடம் கேட்டுச் செய் எனக் கோர்ட்கூட உத்தரவிட முடியாது. அதாவது சமைத்து முடித்த பிறகுதான் பாத்திரம் எங்கள் கைக்கு வரும். உப்பு குறைந்திருந்தாலும் பரிமாற வேண்டியது நாங்கள்தான்.

இதனால் சாட்சிக்கு என்ன நஷ்டம் என்று கேட்டால் ஒரு ஆயாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். பழைய வண்ணாரப்பேட்டையில் இட்லிக் கடை போட்டிருந்தவர், விடியற்காலையில் கழுத்துச் செயினை அறுத்துக்கொண்டு போய்விட்டார்கள். கேஸ் சாட்சி விசாரணைக்கு வர நாலு வருடம் ஆனது. அன்று என் பட்டியலில் முப்பதுக்கு மேல் வழக்கு. கோர்ட் கான்ஸ்டபிள் ஆயாவை என் முன்னால் கொண்டுவந்து நிறுத்தியபோது மணி பத்தேகால், பத்தரைக்கு நீதிபதி அமர்ந்துவிடுவார். பயப்படாதீர்கள், நடந்ததைச் சொல்லுங்கள் என்று மட்டும் சொல்லி அனுப்பினேன். முதல் விசாரணையில், அதாவது நான் கேட்டபோது, ஆயா அழகாகச் சொன்னார், எதிரியை (கோர்ட் பேச்சில் குற்றம் சாட்டப்பட்டவர்) கை காட்டினார். குறுக்கு விசாரணையில் எதிர்த்தரப்பு வக்கீல், நல்ல அனுபவசாலி, குரலே உயர்த்தாமல் கேட்டார்: "ஆயா, பல்சர்னா என்ன?" ஆயா முழித்தார். புகாரில் 'கருப்பு நிற பல்சர் வாகனத்தில் வந்த இருவர்' என்று இருக்கிறது. ஆயா ஸ்டேஷனில் சொன்னது பெரிய வண்டி என்று மட்டும்தான், மீதியை எழுதியவர் சேர்த்துவிட்டார். "எழுதினதைப் படிச்சுக் காட்னாங்களா?" "இல்ல சார், கையெழுத்து மட்டும் போடச் சொன்னாங்கோ." அவ்வளவுதான். செயினைக் கைப்பற்றியபோது போலீஸ் எழுதிய மகஜரில் கையெழுத்துப் போட்ட சாட்சியும் எனக்கு ஒன்றும் தெரியாது என்று பிறழ்ந்துவிட, எதிரி விடுதலை. வெளியே வந்த ஆயா என்னிடம், "நான் நெஜம்தானம்மா சொன்னேன்?" என்றார். நிஜம்தான் சொன்னார். பத்து நிமிடம் முன்னால் அந்தப் புகாரை அவரிடம் படித்துக் காட்டியிருந்தால் இந்த வில்லங்கம் எனக்கு முதலிலேயே தெரிந்திருக்கும், நானே முதல் விசாரணையில் கேட்டு, யார் எழுதியது, எப்படி எழுதினார்கள் என்று கோர்ட்டுக்குச் சொல்ல வைத்திருப்பேன்.

வாயால் சொல்லும் புகாரை எழுதி, படித்துக் காட்டி, அப்புறம்தான் கையெழுத்து வாங்க வேண்டும் என்பது சட்டம். 2024 ஜூலை 1-ல் நடைமுறைக்கு வந்த புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பி.என்.எஸ்.எஸ்.சில் 173-வது பிரிவு, பழைய சட்டத்திலும் இதே விதி உண்டு. எஃப்.ஐ.ஆர். நகல் இலவசமாகத் தர வேண்டும் என்பதும் அதே பிரிவில்தான். வாங்கி, வீட்டில் படிக்கத் தெரிந்த பிள்ளையை விட்டு அன்றைக்கே வாசிக்கச் சொல்லுங்கள். தப்பு இருந்தால் அப்போதே எழுதிக் கொடுங்கள், நாலு வருடம் கழித்துக் கூண்டில் நின்று திருத்த முடியாது.

ஏ.பி.பி.யைப் போய்ப் பார்த்தால் சொல்லிக்கொடுத்த மாதிரி ஆகாதா என்று சிலர் தயங்குகிறார்கள். நீங்கள் சொன்னதை நீங்களே ஞாபகப்படுத்திக்கொள்வது வேறு, இப்படிச் சொல் என்று அடுத்தவர் ஓதுவது வேறு. 2024 ஏப்ரலில் தமிழ்நாட்டுக் கொலை வழக்கு ஒன்றில், சாட்சிகளை ஸ்டேஷனுக்கு வரவழைத்துப் பாடம் நடத்தியதைப் பார்த்து உச்ச நீதிமன்றம் கடுமையாகக் கண்டித்துத் தண்டனையையே ரத்து செய்தது. ஆகவே சாட்சி சொல்வதற்கு முன்தினம் ஸ்டேஷனுக்கு வா என்று யாராவது கூப்பிட்டால், நான் ஏ.பி.பி.யைப் பார்த்துக்கொள்கிறேன் என்று சொல்லிவிடுங்கள்.

இன்னொன்று, ஆஸ்பத்திரியில் சொல்லும் முதல் வார்த்தை. கொருக்குப்பேட்டைப் பையன் ஒருவன் அடிபட்டு ராத்திரி ஸ்டான்லிக்குப் போனான். போலீஸ் வம்பு வேண்டாமென்று டியூட்டி டாக்டரிடம் வண்டியிலிருந்து விழுந்துவிட்டேன் என்றிருக்கிறான். டாக்டர் அவன் சொன்னதைத்தான் ஏ.ஆர். காப்பியில், அதாவது ஆஸ்பத்திரி விபத்துப் பதிவேட்டில், எழுதுவார், வேறென்ன செய்வார்? இரண்டு நாள் கழித்து மூன்று பேர் இரும்பு ராடால் அடித்தார்கள் என்று புகார். குற்றப்பத்திரிகையோடு வந்த ஆவணங்களில் அந்த ஏ.ஆர். இல்லை, போலீசின் கேஸ் டைரிக்கு அடியில் மடித்துக் கிடந்தது. நான் அதை எதிர்த்தரப்புக்கும் கொடுத்து கோர்ட்டிலும் தாக்கல் செய்தேன். கேஸ் தோற்றது, விசாரணை அதிகாரி ரொம்ப நாள் என்னிடம் முகம் கொடுத்துப் பேசவில்லை. அந்த மூன்று பேர் உண்மையிலேயே அடித்திருக்கலாம், எனக்கு இன்றுவரை தெரியாது. ஆனால் இருக்கும் காகிதத்தை ஒளித்து வைத்து ஒருத்தரை உள்ளே தள்ளுவதற்கு அரசாங்கம் எனக்குச் சம்பளம் கொடுக்கவில்லை.

காசிமேட்டுச் சாட்சிகள் தனிக் கதை. லாஞ்சில், அதாவது விசைப்படகில், மீன் பிடிக்கப் போனால் பல நாள் கடலில்தான். சம்மன் எடுத்துக்கொண்டு போன போலீஸ்காரர் 'கடலுக்குச் சென்றுவிட்டதால் சார்பு செய்ய இயலவில்லை' என்று எழுதித் திருப்புவார், இரண்டு மூன்று வாய்தாவுக்குப் பிறகு வாரண்ட். கரைக்கு வந்தவர் தானே எதிரி என்று நினைத்துக்கொண்டு மனைவியையும் கூட்டிக்கொண்டு நடுங்கி வருவார். ஒரு கத்திக்குத்து வழக்கில் மூன்று சாட்சியும் ஒரே படகு என்று தெரிந்ததும், மாஜிஸ்திரேட்டிடம் மீன்பிடித் தடைக்காலத்தில் தேதி கேட்டேன். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகு கடலுக்குப் போகாது. ஒரே வாரத்தில் மூன்று பேரும் வந்து சொல்லிவிட்டுப் போனார்கள். அதன்பிறகு துறைமுகத்து வழக்குகளையெல்லாம் தனியாக ஒரு டைரியில் குறித்து வைப்பேன். இதுபோல உங்களுக்கு வர முடியாத காலம் இருந்தால் முன்கூட்டியே ஏ.பி.பி.யிடம் சொல்லுங்கள், கேட்காமல் எங்களுக்கு எப்படித் தெரியும்? கூலி போகிறதே என்பவர்களுக்குச் சாட்சிப்படி கேட்கவும் வழி உண்டு, தொகை சின்னதுதான்.

கேஸை வாபஸ் வாங்கிடுங்க மேடம் என்று வருபவர்களும் நிறைய. அடிதடி, திட்டியது மாதிரி சில வழக்குகளில் சமாதானமாகப் போகச் சட்டமே இடம் கொடுக்கிறது, மற்றதில் புகார் கொடுத்தவர் நினைத்தாலும் முடியாது. அரசு வழக்கறிஞர் வாபஸ் கேட்டாலும் கோர்ட் சம்மதிக்க வேண்டும், இப்போதைய சட்டத்தில் பாதிக்கப்பட்டவரையும் கேட்காமல் அனுமதிக்கக் கூடாது. மிரட்டல் வந்ததால் பின்வாங்குகிறீர்கள் என்றால் அதை மறைக்காமல் சொல்லுங்கள், சாட்சிப் பாதுகாப்புத் திட்டம் 2018-லிருந்து இருக்கிறது, அதற்கு ஒரு மனு போட வேண்டும், அவ்வளவே. சொந்தமாக வக்கீல் வைத்துக்கொண்டால் தப்பா என்றால், தாராளமாக வைக்கலாம். அவர் எங்களோடு சேர்ந்து வேலை செய்வார், சாட்சி விசாரணை முடிந்ததும் கோர்ட் அனுமதியோடு எழுத்துப்பூர்வமாக வாதம் கொடுக்கலாம். எதிரி விடுதலையானால் மேல்முறையீடு செய்யும் உரிமை பாதிக்கப்பட்டவருக்கே உண்டு, அரசு போகுமா என்று காத்துக்கொண்டிருக்க வேண்டாம்.

சரி, பார்க்கப் போகும்போது ஒரு உதவி செய்யுங்கள். சம்மனில் சி.சி. நம்பர் என்று ஒன்று இருக்கும், அதுதான் வழக்கு எண், அதைக் கையோடு கொண்டு போங்கள். எதிரி பெயரைச் சொல்லி, அதிலும் பட்டப்பெயரைச் சொல்லி, வழக்குக் கட்டைத் தேடச் சொல்லாதீர்கள். நான் ஓய்வு பெற்ற அன்று என் அறை பீரோவில் 'கருப்பு என்கிற' என்று மட்டும் ஐந்து கட்டு இருந்தது.