‘சேர்’ மீது புகார் சொல்லத் தயங்கும் பிள்ளைகள்

பிள்ளைகளுக்குப் பாலியல் தீங்கு செய்பவர் ஊர் பேர் தெரியாத ஒருவராகவே இருப்பார் என்று எமது பெற்றோரில் பலர் இன்னும் நம்புகின்றனர். மட்டக்களப்பில் உளவளத்துணைப் பணியில் நான் கேட்ட பெயர்களோ, பெரும்பாலும் வீட்டுக்கு வந்தால் கதிரை போட்டு இருத்தித் தேநீர் கொடுக்கப்படுபவர்களுடையவை. செய்முறைப் பரீட்சைப் புள்ளி, மாகாண மட்டப் போட்டிக்கான தெரிவு, நற்சான்றிதழ், காசு வாங்காத ரியூசன் என்று பிள்ளைக்குத் தேவையான ஏதோவொன்று அவரது கையில் இருக்கும்.

படுவான்கரைப் பக்கத்து மாணவி ஒருத்தி (அடையாளம் தெரியாதபடி விபரங்களை மாற்றியிருக்கிறேன்) வியாழக்கிழமைகளில் மட்டும் வயிற்றுவலி என்று படுத்துவிடுவாள். தாய் மத்திய கிழக்கில் வேலை செய்ய, அவளை வளர்த்த அம்மம்மா ஆசுப்பத்திரிக்கும் கொண்டுபோனார், கோயிலில் நூலும் கட்டினார். அவள் ‘சேர்’ என்று அழைக்கும் ஆசிரியர் ஒருவரின் மேலதிக வகுப்பு வியாழன் மாலைதான் என்பதை யாரும் பொருத்திப் பார்க்கவில்லை. பாராட்டில் தொடங்கி, இரவு பதினொரு மணிக் குறுஞ்செய்திகளாகி, “இதை வீட்டில் சொல்லாதே” என்பதில் வந்து நின்றிருந்தது அந்த உறவு. “சேர் கோவிச்சா என்ட படிப்பு போயிரும் மிஸ்” என்பதே அவள் முதலில் சொன்னது.

விடயம் வெளியே வந்ததும் ஊர்ப் பெரியவர்கள் கூடிச் சமாதானம் பேசுவதும், பாடசாலையின் பெயரைக் காப்பதாகச் சொல்லி ஆசிரியரை இடமாற்றுவதும் இங்கு நடக்கின்றன. இடமாற்றம் தண்டனையாகாது; இன்னொரு ஊர்ப் பிள்ளைகளிடம் அவரை அனுப்பிவைக்கும் ஏற்பாடு அது. “அவளும் விரும்பித்தானே போனாள்” என்ற பேச்சுக்கும் சட்டத்தில் இடமில்லை: 1995ஆம் ஆண்டுத் திருத்தத்தின் பின்னர், 16 வயதுக்குக் குறைந்த சிறுமியின் சம்மதத்தை இலங்கையின் தண்டனைச் சட்டக்கோவை பொருட்படுத்துவதில்லை. வயது கூடிய மாணவியிடமோ வேலை தேடும் இளைஞரிடமோ அரச அலுவலர் ஒருவர் தன் கடமையைச் செய்வதற்குப் பாலியல் இணக்கத்தைக் கேட்டால், 2023ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க ஊழல் எதிர்ப்புச் சட்டத்தின்படி அது இலஞ்சம். இலஞ்ச ஊழல் ஆணைக்குழுவின் 1954 என்ற இலக்கத்துக்கு முறையிடலாம்.

பிள்ளை வாய் திறந்தால், ஏன் இவ்வளவு நாளும் சொல்லவில்லை என்று கேட்காதீர்கள். மாமா, சித்தி, அதிபர் என்று ஒவ்வொருவர் முன்னும் நிறுத்தித் திரும்பத் திரும்பச் சொல்லவைக்கவும் வேண்டாம். குறுஞ்செய்திகளை அழிக்காமல் வைத்துக்கொண்டு, தேசிய சிறுவர் பாதுகாப்பு அதிகார சபையின் 1929 என்ற இலக்கத்தை அழையுங்கள், அல்லது பிரதேச செயலகத்திலுள்ள சிறுவர் உரிமைகள் மேம்பாட்டு உத்தியோகத்தரைச் சந்தியுங்கள். சம்பந்தப்பட்டவரிடம் நேரில் போய் விளக்கம் கேட்பதைத் தவிருங்கள். அது ஆதாரங்களை அழிக்கவும் பிள்ளையை மிரட்டவும் அவருக்கு அவகாசம் கொடுத்துவிடும்.